காதோடு பேசிய குரல்: சீன நடிகை லீசா லூவின் திரைவாழ்க்கை

கொல்கத்தாவில் பூஜை விடுமுறை என்றால் ஊரே தெருவில்தான் இருக்கும். ஆனால் திருநெல்வேலியிலிருந்து வந்து எங்களோடு தங்கியிருக்கும் என் அம்மாவுக்கு முழங்கால் வலி. பந்தல் பந்தலாக நடக்க முடியாது. அம்மாவைத் தனியே விட்டுவிட்டுப் போக மனமில்லாமல், ஒரு நாள் மாலை எல்லோரும் வீட்டிலேயே உட்கார்ந்து ஓர் ஆங்கிலப் படம் பார்த்தோம். 2018-இல் வெளிவந்த 'கிரேஸி ரிச் ஏஷியன்ஸ்' என்ற படம். சிங்கப்பூரில் வாழும் பெரும் பணக்காரச் சீனக் குடும்பம் ஒன்றின் கதை. அந்த வீட்டுப் பையன் அமெரிக்காவில் வளர்ந்த ஒரு சீனப் பெண்ணைக் காதலித்து அழைத்து வருகிறான். வீட்டார் அவளை ஏற்பார்களா, மாட்டார்களா என்பதுதான் கதை. நம் வீட்டுக் கதை மாதிரிதான்!

அந்த வீட்டின் மூத்த பாட்டி திரையில் வந்ததும் அம்மா நிமிர்ந்து உட்கார்ந்தார். பாட்டி அந்தப் பெண்ணை அருகே அழைத்து, முகத்தைக் கூர்ந்து பார்த்து ஏதோ சொல்கிறாள்.

"ஏட்டி, என்ன சொல்லுதா அந்தக் கிழவி?"

அம்மாவின் பக்கத்தில் உட்கார்ந்திருந்த என் மகள், ஆச்சியின் காதருகே குனிந்து சொன்னாள். "மூக்கு ராசியான மூக்குன்னு சொல்றாங்க ஆச்சி."

"பொண்ணு பாக்கப் போனா நம்ம ஊர்லயும் இதத்தாம் பாப்பாவ" என்றார் அம்மா. அதன் பிறகு படம் முடியும் வரை என் மகளுக்கு வேலைதான். ஒவ்வொரு வசனமும் தமிழாகி ஆச்சியின் காதுக்குப் போனது. பாதித் தமிழ், கால் வங்காளம், கால் ஆங்கிலம்; ஆனாலும் போய்ச் சேர்ந்தது.

"அந்தக் கிழவி நல்லா நடிக்கா. யாரு அவ?" என்று அம்மா கேட்டார். எனக்கும் தெரியவில்லை. மறுநாள் முதல் தேடிப் படிக்க ஆரம்பித்தேன். படிக்கப் படிக்க ஆச்சரியமாக இருந்தது. அந்த ஆச்சரியத்தை நம் சங்கக் குடும்பங்களோடு பகிர்ந்துகொள்ளவே இந்தக் கட்டுரை.

கொல்கத்தாவில் இருக்கும் நமக்குச் சீனர்கள் புதியவர்கள் அல்லர். திரெட்டா பஜாரின் ஞாயிற்றுக்கிழமைக் காலைச் சிற்றுண்டி, பெண்டிங்க் தெருவின் செருப்புக் கடைகள், டாங்ராவின் தோல் பட்டறைகள் என்று இரண்டு நூற்றாண்டுகளுக்கும் மேலாக அவர்கள் இந்த ஊரின் ஒரு பகுதி. ஆனாலும் சீன நடிகர் என்றால் நமக்கு நினைவுக்கு வருவது புரூஸ் லீ, அடுத்து ஜாக்கி சான். அறுபது ஆண்டுகளுக்கும் மேல் அமெரிக்காவிலும் ஹாங்காங்கிலும் தைவானிலும் சீனாவிலும் நடித்த ஒரு பெண்மணியின் பெயர் நம் காதுக்கு எட்டவே இல்லை. சீனப் பெயர் லூ யென். உலகம் அறிந்த பெயர் லீசா லூ.

ராஜபார்ட் தாயார்

லீசா லூ 1927-ஆம் ஆண்டு ஜனவரி மாதம் பீஜிங்கில் பிறந்தவர். தாயார் லி குய்ஃபென், பீஜிங் இசை நாடகக் கலைஞர். அந்த நாடகத்தில் தாடி வைத்த முதிய ஆண் பாத்திரங்களுக்கென்று தனி நடிப்பு முறை, தனிப் பாட்டு முறை உண்டு. பெண்ணாக இருந்தும் அந்த ஆண் வேடங்களில் புகழ் பெற்றவர் லி குய்ஃபென். நம் பழைய நாடக மேடையின் மொழியில் சொன்னால் ராஜபார்ட். கே.பி. சுந்தராம்பாள் 1935-இல் திரைப்படத்தில் நந்தனாராக நடித்ததை நம் வீட்டுப் பெரியவர்கள் சொல்லக் கேட்டிருப்போம். அது போல என்று வைத்துக்கொள்ளுங்கள்.

தந்தை சீக்கிரமே காலமாகிவிட்டார். தாயும் மகளும் ஷாங்காய் நகரில் மெய் லான்ஃபாங் என்ற மாபெரும் கலைஞரின் வீட்டில் தங்கி வாழ்ந்தனர். மெய் லான்ஃபாங் அதற்கு நேர் எதிர். ஆணாகப் பிறந்து பெண் வேடங்களில் கொடிகட்டிப் பறந்தவர். 1930-இல் அமெரிக்கா சென்று நடித்து அங்குள்ளவர்களை வியக்க வைத்தவர். ஜப்பானியர் சீனாவை ஆக்கிரமித்திருந்த ஆண்டுகளில், அவர்களுக்காக மேடையேற மாட்டேன் என்று மீசை வளர்த்துக்கொண்டு வீட்டில் இருந்துவிட்டார். மீசை வைத்தவரிடம் ஸ்திரீபார்ட் போடச் சொல்ல முடியாதல்லவா! அந்த மனிதர் லீசா லூவைத் தம் மகளாகவே ஏற்றுக்கொண்டார்.

தாயார் ஆண் வேடம், வளர்ப்புத் தந்தை பெண் வேடம். நடை, பார்வை, கைவிரல், குரல் எல்லாம் பயிற்சியால் வருபவை என்பதை அந்தச் சிறுமி யாரும் சொல்லிக்கொடுக்காமலே கண்ணால் பார்த்து வளர்ந்திருப்பாள்.

காதுக் கருவிக்குள் ஒரு பெண்

ஷாங்காயின் பெரிய திரையரங்கம் 'கிராண்ட் தியேட்டர்'. 1933-இல் புதுப்பித்துக் கட்டப்பட்டது. ஏறக்குறைய 2,000 பேர் உட்காரலாம். ஹாலிவுட் படங்கள் அங்கே சுடச்சுட வந்து இறங்கும். ஆனால் பார்க்க வருகிறவர்களில் பலருக்கு ஆங்கிலம் தெரியாது. இதற்கு ஒரு வழி கண்டுபிடித்தார்கள். இருக்கையிலேயே ஒரு காதுக் கருவி. படம் ஓடும்போது ஓர் அறையில் உட்கார்ந்திருக்கும் பெண், ஆங்கில வசனத்தை அப்போதைக்கப்போது சீன மொழியில் சொல்லிக்கொண்டே வருவாள். கதாநாயகனுக்கும் அவள் குரல்தான், வில்லனுக்கும் அவள் குரல்தான், பாட்டிக்கும் குழந்தைக்கும் அவள் குரல்தான்.

கல்லூரிப் பருவத்தில் லீசா லூ செய்த வேலை அதுதான்!

இதைப் படித்ததும் நான் என் மகளைத்தான் நினைத்துக்கொண்டேன். அவளுக்கு இப்போது ஒன்பதாம் வகுப்பு. அடுத்த ஆண்டு பொதுத் தேர்வு. நம் சங்கத்தில் நடக்கும் ஞாயிற்றுக்கிழமைத் தமிழ் வகுப்பை நிறுத்திவிட்டு அந்த நேரத்தில் கணக்கு டியூஷனுக்கு அனுப்பலாமா என்று நானும் என் மனைவியும் சில மாதங்களாகப் பேசிக்கொண்டிருந்தோம். "தமிழ் வைத்து இங்கே என்ன செய்யப் போகிறாள்?" என்பது என் கேள்வி. இதை வாசிக்கும் பல வீடுகளிலும் இந்தக் கேள்வி எழுந்திருக்கும்.

படத்தை மொழிபெயர்ப்பது சாதாரண வேலை அல்ல. ஒரு வசனம் முடிவதற்குள் அடுத்த வசனம் வந்துவிடும். கோபத்தைக் கோபமாகச் சொல்ல வேண்டும், கேலியைக் கேலியாகச் சொல்ல வேண்டும். இரண்டு மொழிகளிலும் சரளம் இருந்தால் மட்டும் போதாது. இரண்டு மக்களின் மனமும் தெரிய வேண்டும். ஒருவகையில் பார்த்தால், லீசா லூ நடிக்கத் தொடங்கியது அந்த இருட்டறையில்தான் என்று எனக்குத் தோன்றுகிறது. முகம் தெரியாது, பெயர் தெரியாது, குரல் மட்டும்.

முப்பதில் ஒரு தொடக்கம்

1947-இல் தாயோடு அமெரிக்காவுக்குப் புறப்பட்டார். முதலில் ஹவாய்த் தீவு. சீனாவில் உள்நாட்டுப் போர் முற்றிக்கொண்டிருந்த நேரம். 1949-இல் ஆட்சி மாறியது. அதன்பின் அமெரிக்காவுக்கும் சீனாவுக்கும் இடையே போக்குவரத்து பல ஆண்டுகள் அற்றுப்போயிற்று. திரும்பிப் போகலாம் என்று நினைத்து வந்தவர்கள்கூட அங்கேயே வேரூன்ற வேண்டியதாயிற்று. லீசா லூ அங்கே படிப்பைத் தொடர்ந்தார், வேலை பார்த்தார், திருமணம் செய்துகொண்டார். மூன்று குழந்தைகள்.

சாதாரணமாக இந்த இடத்தில் ஒரு பெண்ணின் கதை முடிந்துவிடும். 'அந்தக் காலத்தில் நானும்...' என்று பேரக் குழந்தைகளிடம் சொல்லுவதோடு சரி. லீசா லூவின் கதை இங்கேதான் தொடங்குகிறது. 1950-களின் பிற்பகுதியில் குடும்பத்தோடு கலிபோர்னியாவுக்கு வந்த அவர், பாசடேனா நகரின் புகழ்பெற்ற நாடகப் பள்ளியில் மாணவியாகச் சேர்ந்தார். முப்பது வயது, மூன்று குழந்தைகளின் தாய், உடன் படிப்பவர்களோ இளவட்டங்கள். நடிகைகளுக்கு 'வயதாகிவிட்டது' என்று திரையுலகம் முத்திரை குத்தும் பருவத்தில் அவர் பாலபாடம் படிக்கப் போனார்.

அன்றைய ஹாலிவுட்டின் நிலையையும் இங்கே சொல்ல வேண்டும். 1937-இல் 'த குட் எர்த்' என்ற படம் வந்தது. சீன விவசாயிகளின் கதை. ஆனால் கணவனும் மனைவியுமாக நடித்தவர்கள் இருவரும் வெள்ளையர்கள். கண்ணை இழுத்து ஒப்பனை போட்டுச் சீனப் பெண்ணாக நடித்த லூயிஸ் ரெய்னருக்கு ஆஸ்கார் விருதும் கிடைத்தது. அதே காலத்தில் அன்னா மே வாங் என்ற அருமையான சீன வம்சாவளி நடிகை ஹாலிவுட்டிலேயே இருந்தார். அந்த வேடம் அவருக்குக் கொடுக்கப்படவில்லை. இருபது ஆண்டுகளுக்குப் பிறகும் நிலைமை பெரிதாக மாறிவிடவில்லை.

'ஏ பெண்ணே!'

இருந்தும் 1960-ஆம் ஆண்டு லீசா லூவுக்கு ஒரு நல்ல வாய்ப்பு வந்தது. 'த மவுண்டன் ரோடு' என்ற படத்தில் ஜேம்ஸ் ஸ்டூவர்ட்டுக்கு ஜோடி. இரண்டாம் உலகப் போர். 1944-ஆம் ஆண்டுச் சீனா. ஜப்பானியப் படை முன்னேறாமல் தடுக்கப் பாலங்களையும் சாலைகளையும் வெடி வைத்துத் தகர்த்துக்கொண்டே பின்வாங்குகிறது ஒரு சிறிய அமெரிக்கப் படைப்பிரிவு. அதன் மேஜர் ஸ்டூவர்ட். வழியில் அவரோடு சேர்ந்துகொள்ளும் சீனத் தளபதியின் விதவை மனைவி லீசா லூ. படித்தவள், அமெரிக்காவை அறிந்தவள். சீன மக்களை அந்த மேஜர் வெறும் கூட்டமாகப் பார்க்கும்போது, அவர் முகத்துக்கு நேரே தவறு என்று சொல்லுகிற பாத்திரம். ஆத்திரத்தில் அவர் ஒரு கிராமத்தையே அழித்துவிடும்போது, காதலையும் ஒதுக்கிவிட்டு அவரை விட்டு விலகுகிறாள். இன்று பார்த்தாலும் நிமிர்ந்து நிற்கும் வேடம்.

ஆனால் தொலைக்காட்சியில் என்ன கிடைத்தது தெரியுமா? 'ஹேவ் கன், வில் டிராவல்' என்று அமெரிக்கர்கள் விரும்பிப் பார்த்த கௌபாய்த் தொடர். அதில் ஒரு ஹோட்டலில் வேலை செய்யும் சீனப் பையனைப் பெரும்பாலும் பெயர் சொல்லிக் கூப்பிடுவதில்லை. 'ஏ பையா' என்றுதான் கூப்பிடுவார்கள். அந்த நடிகர் வேறு தொடருக்குப் போனதும் 1960-61-இல் அவருடைய இடத்துக்கு வந்தவர் லீசா லூ. அவருக்கு அந்தத் தொடரில் வைத்த பெயர் 'ஏ பெண்ணே'! 1961-இல் 'பொனான்ஸா' தொடரில், சூதாட்டத்தில் பணயப் பொருளாக வந்து சேரும் அடிமைப் பெண் வேடம்.

தமிழன், தெலுங்கன், மலையாளி என்ற வித்தியாசமே இல்லாமல் எல்லோரையும் 'மதராஸி' என்று கூப்பிட்ட காலத்தில் வடக்கே வேலைக்கு வந்த நம் முன்னோருக்கு இதன் அர்த்தம் நன்றாகவே புரியும். பெயர் சொல்லிக் கூப்பிடுவது என்பது ஒரு மரியாதை. அது எல்லோருக்கும் சும்மா கிடைத்துவிடுவதில்லை.

கறுப்பு வெள்ளையில் ஒரு வங்காளக் கண்

இனி வரும் செய்திதான் கொல்கத்தாவாசியான என்னைத் துள்ளிக் குதிக்க வைத்தது.

டாங் ஷூ ஷுவென் என்ற இளம்பெண், அமெரிக்காவில் சினிமா படித்துவிட்டு, 1960-களின் இறுதியில் ஹாங்காங்கில் தம் முதல் படத்தை எடுத்தார். பெரிய ஸ்டூடியோ எதுவும் பின்னால் இல்லை. 'த ஆர்ச்', அதாவது 'தோரண வாயில்' என்பது படத்தின் பெயர். கதாநாயகி லீசா லூ. ஒளிப்பதிவாளர் யார் தெரியுமா? நம் சுப்ரதா மித்ரா! சத்யஜித் ராயின் 'பதேர் பாஞ்சாலி'க்கு ஒளிப்பதிவு செய்தவர். 'அபராஜிதோ' படத்தில் துணியில் பட்டுத் திரும்பும் ஒளியைக் கொண்டு இயற்கை வெளிச்சம் போலவே தோன்றச் செய்து, உலக ஒளிப்பதிவாளர்களுக்கு வழிகாட்டியவர். கொல்கத்தாவின் கண், ஷாங்காயில் வளர்ந்த நடிகையின் முகம், ஓர் இளம்பெண்ணின் இயக்கம். அந்தக் காலத்தில் இப்படி ஒரு கூட்டு அமைந்ததே அதிசயம்.

கதை எளியது, ஆனால் கனமானது. சில நூறு ஆண்டுகளுக்கு முந்தைய சீனக் கிராமம். மாமியாரையும் மகளையும் வைத்துக் காப்பாற்றி வரும் விதவை டுங் அம்மையார். ஊருக்கே வைத்தியமும் கல்வியும் தரும் அவருடைய ஒழுக்கத்தைப் போற்றி, பேரரசர் ஆணையால் ஒரு கல் தோரணம் எழுப்பப்பட இருக்கிறது. அந்த நேரத்தில் ஒரு குதிரைப்படை அதிகாரி அந்த வீட்டில் வந்து தங்குகிறார். அம்மையாரின் மனத்தில் ஏதோ அசைகிறது. அதே அதிகாரி மீது மகளும் ஆசை கொள்கிறாள். தாய் தன் ஆசையை விழுங்கிவிட்டு மகளை அவருக்கே கட்டிக்கொடுக்கிறாள். கடைசியில் கௌரவம் வந்து வாசலில் நிற்கிறது. வீட்டுக்குள்ளே மனிதர் இல்லை.

வெள்ளைப் புடவையும் ஊராரின் புகழ்ச்சியும் ஒரு பெண்ணை எப்படிக் கட்டிப்போடும் என்பதை நம் ஊர்க் கதைகளிலும் படித்திருக்கிறோம். லீசா லூ இதில் அழுது புலம்பவில்லை. ஒரு பார்வை, நெய்யும் தறியின் மேல் நிற்கும் ஒரு கை, வாய்க்குள்ளேயே நின்றுவிடும் ஒரு சொல். அவ்வளவுதான். சீன மொழிப் படங்களின் ஆஸ்கார் என்று சொல்லத்தக்க தைவானின் 'தங்கக் குதிரை' விருதை, சிறந்த நடிகைக்காக இந்தப் படம் அவருக்குப் பெற்றுத் தந்தது.

அமெரிக்காவில் 'ஏ பெண்ணே' என்று அழைக்கப்பட்டவரைக் கதாநாயகியாக்கியது அவருடைய தாய்மொழி. அவர் சுமந்து போன பீஜிங் பேச்சும், நாடக மேடையின் நடையும் ஹாலிவுட்டில் விலை போகவில்லை. தைவானிலும் ஹாங்காங்கிலும் அவைதான் அவருடைய மூலதனம்.

நாற்பத்தைந்தில் கிழவி, பிறகு பேரரசி

1972-இல் ஹாங்காங்கின் ஷா பிரதர்ஸ் நிறுவனம் 'பதினான்கு வீராங்கனைகள்' என்ற பெரும்படத்தை எடுத்தது. எல்லையைக் காக்கப் போன யாங் குடும்பத்து ஆண்கள் மாண்டுபோக, அந்த வீட்டு விதவைகள் அனைவரும் வாளேந்திப் போருக்குப் புறப்படும் பழங்கதை. பள்ளத்தாக்கைக் கடக்க மனிதர்களே ஒருவர் தோள்மீது ஒருவர் ஏறிப் பாலமாக நிற்கும் காட்சி இன்றும் பேசப்படுகிறது. அந்த வீராங்கனைகளுக்கெல்லாம் தலைவியான முதுபெரும் பாட்டியாக நடித்தவர் லீசா லூ. அப்போது அவருக்கு வயது 45-தான்! கதாநாயகி வேடத்துக்கு அடுத்த படத்திலேயே நரைத்த தலை என்றால் பல நடிகைகள் கதவைச் சாத்திவிடுவார்கள். இவர் கம்பீரமாக ஏற்று நடித்தார். முதிய ஆண் வேடத்தில் தாயார் மேடையில் நடந்த நடை அப்போது அவருக்கு நினைவு வந்திருக்கலாம். சிறந்த துணை நடிகைக்கான தங்கக் குதிரை விருது கிடைத்தது.

மூன்றாவது முறை அந்த விருதை வாங்கித் தந்தது 1975-இல் வந்த 'த எம்ப்ரஸ் டவேஜர்'. சீன வரலாற்றில் ட்சு ஷி பேரரசியைத் தெரியாதவர் கிடையாது. அரண்மனைக்கு ஓர் ஆசைநாயகியாகப் போனவர். 1861 முதல் 1908-இல் இறக்கும் வரை திரைக்குப் பின்னால் அமர்ந்து நாட்டை ஆண்டவர். சீர்திருத்தம் செய்ய முயன்ற பேரரசர் குவாங் ஷுவைச் சிறை வைத்தவர். அந்தப் பேரரசர் அவருடைய சொந்தத் தங்கை மகன்! இயக்குநர் லி ஹான் ஷியாங் எடுத்த இந்தப் படத்திலும், 1976-இல் வந்த தொடர்ச்சியிலும் லீசா லூதான் ட்சு ஷி. கொடுமைக்காரி என்று மட்டும் காட்டிவிடாமல், அதிகாரத்தை இழக்கப் பயப்படும் ஒரு தாயாகவும் காட்டினார்.

இதில் ஒரு வேடிக்கை உண்டு. 1963-இல் வந்த '55 டேஸ் அட் பீக்கிங்' என்ற ஹாலிவுட் படத்தில் இதே பேரரசியாக நடித்தவர் ஃப்ளோரா ராப்சன் என்ற ஆங்கிலேய நடிகை. அப்போது லீசா லூ அதே ஹாலிவுட்டில் தொலைக்காட்சியின் சின்னச் சின்ன வேடங்களில் இருந்தார். ஆண்டுகள் உருண்டன. 1987-இல் பெர்னார்டோ பெர்ட்டோலூச்சி 'த லாஸ்ட் எம்பரர்' எடுத்தபோது, ட்சு ஷி வேடத்துக்கு லீசா லூதான் அழைக்கப்பட்டார். இந்த முறை படப்பிடிப்பு நடந்தது பீஜிங் அரண்மனையிலேயே; அவர் பிறந்த ஊரிலேயே! மூன்று வயதுகூட நிரம்பாத பூ யீயை இரவோடு இரவாக அரண்மனைக்குக் கொண்டுவருகிறார்கள். சாகக் கிடக்கும் பேரரசி அந்தக் குழந்தையிடம் பேசிவிட்டு உயிர் விடுகிறாள். சில நிமிடங்களே வரும் காட்சி. ஆனால் படத்தைப் பார்த்தவர்களுக்கு அந்த முகம் மறக்காது. அந்தப் படம் ஒன்பது ஆஸ்கார் விருதுகளை அள்ளியது.

நான்கு தாய்மார்கள்

1993-இல் வந்த 'த ஜாய் லக் கிளப்' நம்மைப் போன்று ஊர் விட்டு ஊர் வந்தவர்கள் எல்லோரும் பார்க்க வேண்டிய படம். ஏமி டான் 1989-இல் எழுதிய நாவலின் திரைவடிவம். இயக்கியவர் வெய்ன் வாங். சீனாவிலிருந்து அமெரிக்கா வந்து குடியேறிய நான்கு தாய்மார்கள், அங்கேயே பிறந்து வளர்ந்த அவர்களுடைய நான்கு மகள்கள். தாய்மார்கள் பட்ட பாடு மகள்களுக்குத் தெரியாது. மகள்களின் மனம் தாய்மார்களுக்குப் புரியாது.

நான்கு தாய்மார்களில் ஒருவரான ஆன்-மெய்யாக நடித்தவர் லீசா லூ. ஆன்-மெய்யின் தாய், ஒரு பணக்காரனுக்கு நான்காம் மனைவியாக வாழ நேர்ந்தவள். அதனால் பிறந்த வீட்டில் ஒதுக்கப்பட்டவள். அதே தாய், தன் அன்னை சாகக் கிடந்தபோது தன் கைச் சதையை அறுத்துக் கஷாயத்தில் சேர்த்துக் காப்பாற்றப் பார்க்கிறாள். கடைசியில் மகளுக்கு ஒரு மதிப்பான இடம் கிடைக்க வேண்டும் என்பதற்காகத் தன் உயிரையே மாய்த்துக்கொள்கிறாள். இதையெல்லாம் பார்த்து வளர்ந்த ஆன்-மெய், அமெரிக்காவில் தன் மகள் கணவனுக்கு முன்னால் தன் மதிப்பையே மறந்து தாழ்ந்து போவதைக் காண்கிறாள். அப்போதுதான் வாய் திறந்து பழங்கதையைச் சொல்லுகிறாள். அந்தக் கதை மகளை நிமிர வைக்கிறது.

நாம் பிள்ளைகளிடம் பட்ட கஷ்டங்களை மறைத்துவிடுகிறோம். அவர்கள் சந்தோஷமாக வளரட்டும் என்று நினைக்கிறோம். சில கதைகளை உரிய நேரத்தில் சொல்ல வேண்டும் என்று இந்தப் படம் சொல்லுகிறது. அதைச் சொல்ல இருவருக்கும் பொதுவாக ஒரு மொழி வேண்டாமா?

எண்பத்து மூன்றில் கதாநாயகி

எண்பது வயதுக்கு மேல் கதாநாயகி வேடம் கிடைத்தவர்கள் உலகத்தில் எத்தனை பேர் இருப்பார்கள்? 2010-இல் பெர்லின் திரைப்பட விழாவின் தொடக்கப் படமாகத் திரையிடப்பட்டது 'அபார்ட் டுகெதர்'. இயக்குநர் வாங் சுவான் ஆன். லீசா லூவுக்கு அப்போது 83 வயது. அவர் வளர்ந்த ஷாங்காயிலேயே நடக்கும் கதை.

1949-இல் தோற்ற படையோடு தைவானுக்கு ஓடிப்போன ஒரு சிப்பாய், அரை நூற்றாண்டுக்கும் மேல் கழித்து ஷாங்காய்க்குத் திரும்பி வருகிறார். கர்ப்பமாக விட்டுப்போன மனைவியைத் தேடி வருகிறார். அவள் இப்போது இன்னொரு நல்ல மனிதரின் மனைவி. பிள்ளைகள், பேத்தி என்று குடும்பமே இருக்கிறது. வந்தவர், அவளைத் தம்மோடு அனுப்பிவைக்கக் கேட்கிறார். அந்தக் கணவரோ சண்டை போடவில்லை. விருந்தாளிக்கு நண்டு வாங்கிச் சமைத்துப் போடுகிறார்! போகட்டும் என்று சம்மதிக்கவும் செய்கிறார். விவாகரத்துக்காக அலுவலகத்துக்குப் போனால், இத்தனை ஆண்டுக் குடித்தனத்துக்குத் திருமணச் சான்றிதழே இல்லை. பிரிவதற்காக முதலில் பதிவு செய்துகொள்ள வேண்டிய நிலை! மூன்று முதியவர்களும் ஒரே மேசையில் உட்கார்ந்து உண்டு, குடித்து, பழைய பாட்டுகளைப் பாடும் காட்சியில் சிரிப்பும் வரும், தொண்டையும் அடைக்கும். பிறகு கணவர் பக்கவாதத்தில் விழுகிறார். அவள் போகவில்லை.

யார் மேல் குற்றம் சொல்ல முடியும்? மூவரும் நல்லவர்கள். வரலாறுதான் குறுக்கே வந்தது. 1947-இல் ஷாங்காயை விட்டுப் புறப்பட்ட ஒரு பெண், 83 வயதில் அங்கேயே இருந்துவிட்ட பெண்ணாக நடித்தாள் என்பதை எண்ணிப் பார்க்கும்போது, அந்த முகத்தில் தெரிவது வெறும் நடிப்புத்தானா என்று கேட்கத் தோன்றுகிறது. அந்தப் படத்தின் திரைக்கதைக்கு பெர்லினில் வெள்ளிக் கரடி விருது கிடைத்தது.

அதற்கு முந்தைய ஆண்டுதான் உலகம் அழியும் கதையான '2012' படத்தில் திபெத்தியப் பாட்டியாக வந்தார். 2018-இல், 91 வயதில், என் அம்மாவை நிமிர்ந்து உட்கார வைத்த சிங்கப்பூர்ப் பாட்டி. 2023 மே மாதம், 96-ஆம் வயதில், ஹாலிவுட்டின் புகழ்ப் பாதையில் அவருடைய பெயர் பொறித்த நட்சத்திரம் பதிக்கப்பட்டது. 'ஏ பெண்ணே' என்று கூப்பிட்ட அதே ஊரில், நடைபாதைக் கல்லில் முழுப் பெயர்! அறுபத்து மூன்று ஆண்டுகள் ஆயின.

இதை வெறும் வெற்றிக் கதையாகச் சொல்லிவிட எனக்கு மனம் வரவில்லை. நாற்பது வயதிலும் ஐம்பது வயதிலும் ஹாலிவுட் அவருக்குத் தகுந்த வேடங்களைத் தந்திருந்தால் எத்தனை நல்ல படங்கள் நமக்குக் கிடைத்திருக்கும்! அந்த நஷ்டத்தை எந்த நட்சத்திரமும் ஈடு செய்யாது. ஆனால் ஒரு கதவு சாத்தியபோது இன்னொரு கதவைத் தட்ட அவரிடம் இன்னொரு மொழி இருந்தது. அதை அவர் ஹவாயிலோ கலிபோர்னியாவிலோ கைவிட்டிருந்தால் 'தோரண வாயில்' இல்லை, பேரரசி இல்லை, ஷாங்காய்க் கிழவியும் இல்லை.

சென்ற மாதம் 'ஜாய் லக் கிளப்' படத்தை வீட்டில் போட்டோம். பழைய ஏற்பாடுதான். ஆச்சியின் காதருகே பேத்தி. ஓர் இடத்தில் என் மகள் திக்கி நின்றாள். ஆன்-மெய்யின் தாய் அந்தப் பணக்காரனுக்கு என்ன உறவு என்று சொல்ல அவளுக்குத் தமிழ்ச் சொல் கிடைக்கவில்லை. என்னைத் திரும்பிப் பார்த்தாள். எனக்கும் சட்டென்று வரவில்லை.

"மூணு பொண்டாட்டி இருக்கும்போது நாலாவதா கட்டிக்கிட்டாங்க ஆச்சி..." என்று இழுத்தாள்.

"நாலாந்தாரம்னு சொல்லு" என்றார் அம்மா, திரையிலிருந்து கண்ணை எடுக்காமல். "எங்க அத்த ஒருத்தி மூணாந்தாரமா வாக்கப்பட்டுப் போனா. அந்தக் கதைய ஒனக்கு அப்புறம் சொல்லுதேன்."

படம் முடிந்த பிறகு இரண்டு பேரும் வெகுநேரம் பேசிக்கொண்டிருந்தார்கள். அந்த அத்தையின் கதையை நானே அன்றுதான் முதல் முறையாகக் கேட்டேன்.

கணக்கு டியூஷனை சனிக்கிழமைக்கு மாற்றிக்கொண்டோம்.